மகள் ஸ்டாப் மோஷன்தான் தொழில் என்கிறாள்: ஒரு லேத் பட்டறைக்காரருக்கு விரிவான பதில்

பாலக்காடு மாவட்டத்தில் கொழிஞ்சாம்பாறைப் பக்கம் லேத் பட்டறை நடத்தும் ஒருவர் கேட்டிருக்கிறார். மகள் பத்து வரை தமிழ் மீடியம், இப்போது பிளஸ் டூ. ஹைஸ்கூலில் லிட்டில் கைட்ஸ் என்ற கம்ப்யூட்டர் மன்றத்தில் சேர்ந்து கம்ப்யூட்டரில் அனிமேஷன் பழகியவள். இப்போது கம்பியிலும் களிமண்ணிலும் பொம்மை செய்து, போனில் ஒவ்வொரு படமாக எடுத்து நடக்க வைக்கிறாள், ஸ்டாப் மோஷன் என்பது இதுதான். இதையே தொழிலாக்கப் போகிறேன் என்கிறாள். இதில் சோறு கிடைக்குமா, என்ன படிக்க வைப்பது, அப்பாவாக நான் என்ன செய்து தர முடியும் என்று மூன்று கேள்விகள்.

அண்ணா, முதல் கேள்விக்கு நேராகவே சொல்லிவிடுகிறேன். பிழைக்கலாம். ஆனால் நம் நாட்டில் பொம்மையை அசைக்க மட்டும் தெரிந்தவருக்கு வேலை வருவது அபூர்வம். பொம்மையைச் செய்யவும் தெரிந்து, அசைக்கவும் தெரிந்தவரைத்தான் திரும்பத் திரும்பக் கூப்பிடுகிறார்கள். விளம்பரப் படம் இல்லாத மாதத்தில் மியூசியத்துக்கு மாதிரி உருவங்கள், சினிமாவுக்கு மினியேச்சர், நாடகத்துக்கு முகமூடி, பள்ளிகளில் பயிற்சி வகுப்பு என்று கைவேலை தெரிந்தவருக்கு ஏதாவது ஓடிக்கொண்டே இருக்கும். அதனால் உங்கள் மகள் முதலில் பட்டறை வேலையைக் கற்கட்டும். வீட்டிலேயே லேத் இருப்பது எவ்வளவு பெரிய வசதி என்பது உங்களுக்கே தெரிந்திருக்காது.

அதைச் சொல்வதற்கு முன் வேலையின் கணக்கைக் கொஞ்சம் பார்த்துவிடலாம். சினிமாவில் ஒரு நொடிக்கு 24 படங்கள். ஸ்டாப் மோஷனில் பெரும்பாலும் ஒரு நிலையை இரண்டு படத்துக்கு வைத்துக்கொள்வார்கள். அப்படியும் நொடிக்கு 12 முறை பொம்மையைத் தொட்டு நகர்த்த வேண்டும். ஒரு நிமிடப் படத்துக்கு 720 முறை. பெரிய ஸ்டுடியோவிலும் கை தேர்ந்த ஒரு அனிமேட்டர் ஒரு நாள் முழுக்க வேலை செய்தால் கிடைப்பது சில நொடிகள்தான். கம்ப்யூட்டரில் என்றால் நடுவில் ஒரு நிலையைத் திருத்திவிட்டுத் தொடரலாம். இதில் முதல் படத்திலிருந்து கடைசிப் படம் வரை ஒரே ஓட்டம். நூறாவது படத்தில் தோள்மூட்டு தளர்ந்து கை தொங்கினால் அந்தக் காட்சி போச்சு. அசைவின் அழகு அனிமேட்டரின் மனதில் இருக்கலாம். அது திரைக்கு வருமா என்பதை மூட்டுதான் தீர்மானிக்கிறது.

மூட்டு என்றால் என்ன என்று உங்களுக்குப் புரியும் பாஷையில் சொல்கிறேன். நல்ல பொம்மைக்குள் ஓர் உலோக எலும்புக்கூடு இருக்கும். ஆர்மேச்சர் என்பார்கள். ஒவ்வொரு மூட்டிலும் இரண்டு சிறு தகடுகள், அவற்றின் நடுவே இரண்டு முனைகளிலும் ஒவ்வொரு உருண்டை. உருண்டையிலிருந்து ஒரு கம்பி வெளியே போய் அடுத்த எலும்பாகிறது. இரண்டு தகடுகளையும் நடுவில் ஒரே ஒரு திருகு இறுக்கிப் பிடிக்கிறது. தகட்டில் உருண்டை உட்கார ஒரு துளை போட வேண்டும். துளை உருண்டையைவிடச் சற்றே சிறியதாக இருந்தால்தான் அதன் விளிம்பு உருண்டையை வட்டமாகக் கவ்வும். பேரிங் உருண்டை கையில் இருக்கிறதே என்று அதையே துளைக்கப் போகாதீர்கள், டிரில் பிட்தான் போகும். முதலில் உருண்டையைச் சிவக்கக் காய்ச்சி, மெதுவாக ஆறவிட்டு மென்மையாக்கிக்கொள்ள வேண்டும். இல்லையென்றால் பித்தளையில் நீங்களே கடைந்துவிடலாம். பிறகு கம்பியை உள்ளே விட்டு வெள்ளிப் பற்று வைக்க வேண்டும். பொம்மை பெரும்பாலும் ஏறக்குறைய ஒரு சாண், 20 முதல் 30 செ.மீ. உயரம். அந்த அளவுக்கு 4 மில்லிமீட்டரிலிருந்து 10 மில்லிமீட்டர் வரை உருண்டைகள் போதும்.

செய்து முடித்தபின் ஒரு சோதனை இருக்கிறது. எலும்புக்கூட்டின் கையைப் பக்கவாட்டில் நேராக நீட்டி விடுங்கள். அது அப்படியே நிற்க வேண்டும். ஒரு விரலால் தள்ளினால் வழுக்கிக்கொண்டு நகர வேண்டும். விரலை எடுத்ததும் ஒரு இழை கூடத் திரும்பி வரக் கூடாது. அந்தத் திரும்பி வருதல்தான் திரையில் நடுக்கமாகத் தெரியும். எல்லா மூட்டுக்கும் ஒரே இறுக்கம் கிடையாது. கணுக்கால் மொத்த உடம்பையும் தாங்குவதால் அதுதான் அதிக இறுக்கம். இடுப்பும் தோளும் அதற்கு அடுத்தபடி. மணிக்கட்டு விரல் பட்டாலே அசைய வேண்டும். பாதத்துக்குள் ஒரு 3 மில்லிமீட்டர் நட்டைப் பதித்து, மேடைப் பலகையில் துளை போட்டுக் கீழிருந்து திருகினால்தான் பொம்மை ஒற்றைக் காலில் நிற்கும். நடக்கிற பொம்மைக்கு ஒவ்வொரு அடிக்கும் ஒரு துளை, ஒரு திருகு. முடிந்த அடியின் துளையை மேடை நிறத்து மெழுகால் அடைத்துவிடுவார்கள்.

இந்தத் துறையில் எல்லோரும் குருவாக மதிக்கும் ரே ஹாரிஹவுசன் பதின்மூன்று வயதில், 1933இல் வெளிவந்த 'கிங் காங்' படத்தைப் பார்த்துவிட்டுப் பொம்மை செய்யத் தொடங்கியவர். அவருடைய அப்பா மெஷினிஸ்ட். மகன் வரைந்து கொடுத்த மூட்டுகளை அப்பா கடைந்து கொடுத்தார், உடைகளை அம்மா தைத்தார். பிற்காலத்தில், 1963இல் வந்த ஒரு படத்தில் ஏழு எலும்புக்கூடுகள் மூன்று மனிதர்களோடு வாள்சண்டை போடும் காட்சியைத் தனியாளாக அசைத்து முடிக்க அவருக்கு நாலரை மாதம் ஆனது. மகளுக்கு என்ன செய்து தரலாம் என்று கேட்டீர்களே, அதற்கு இதைவிட நல்ல பதில் என்னிடம் இல்லை. அவள் வரையட்டும், நீங்கள் கடைந்து கொடுங்கள். அப்புறம் அவளையே லேத்தில் நிற்க வைத்துக் கற்றுக்கொடுங்கள்.

உலோக மூட்டு பிறகு வரட்டும். முதல் வருடம் முறுக்கிய அலுமினியக் கம்பியே போதும். ஒன்றரை மில்லிமீட்டர் மென்மையான கம்பி இரண்டு இழையை டிரில்லில் மாட்டி மெதுவாக முறுக்கினால் நல்ல எலும்பு கிடைக்கும். மார்பு, இடுப்பு, தலை போல அசையாத இடங்களில் எம்-சீல் வைத்துக் கெட்டியாக்கலாம். ஒரே இடத்தில் மடக்கி மடக்கிக் கம்பி ஒரு நாள் ஒடியத்தான் செய்யும். அதனால் கையையும் காலையும் உடம்போடு நிரந்தரமாக ஒட்டாமல், சதுரப் பித்தளைக் குழாயில் செருகிக் கழற்றும்படி வையுங்கள். ஒடிந்தால் அந்தக் கையை மட்டும் மாற்றிக்கொள்ளலாம்.

இங்கே ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டும். நம் பக்கம் மோட்டார் ரீவைண்டிங் கடைக்குப் பஞ்சமே இல்லை, செம்புக் கம்பி சுலபமாகக் கிடைக்கும். ரப்பர் பாலும் நம் மாவட்டத்தில் சுலபமாகக் கிடைக்கும். நெம்மாறை, வடக்கஞ்சேரிப் பக்கமெல்லாம் தோட்டங்கள்தானே. ஸ்பாஞ்சை வெட்டி உடம்பாக்கி, மேலே ரப்பர் பாலைப் பிரஷ்ஷால் பூசிப் பூசித் தோலாக்குவது பழைய, மலிவான, அருமையான முறை. ஆனால் செம்பும் ரப்பரும் ஒன்றுக்கொன்று ஆகாது. செம்பு பட்ட இடத்தில் இயற்கை ரப்பர் சீக்கிரமே பிசுபிசுத்துக் கெட்டுப்போகும். கம்பி மேல் இருக்கிற வார்னிஷ் மடக்கிய இடத்தில் உரிந்துவிடும் என்பதால் அதை நம்ப முடியாது. போதாக்குறைக்கு, செம்பு மடக்க மடக்க இறுகிக்கொண்டே போகிற உலோகம். ஆகவே ரீவைண்டிங் கம்பி வேண்டவே வேண்டாம்.

சிலிக்கானில் தோல் வார்க்கும் கட்டம் வரும்போது இதே மாதிரி இன்னொரு பொறி காத்திருக்கும். பிளாட்டினம் வகை சிலிக்கான், கந்தகம் கலந்த களிமண்ணைத் தொட்டால் இறுகாது. எத்தனை நாள் வைத்தாலும் மேல்பரப்பு கூழாகவே நிற்கும். ரப்பர் கையுறை பட்டாலும் அதே கதிதான். களிமண் வாங்கும்போது கந்தகம் இல்லாததா என்று கேட்டு வாங்க வேண்டும், கைக்கு நைட்ரைல் கையுறை போட்டுக்கொள்ள வேண்டும். சந்தேகம் இருந்தால் ஒரு துணுக்குக் களிமண் மேல் ஒரு சொட்டு ஊற்றிப் பார்த்துவிட்டுத்தான் முழு அச்சில் ஊற்ற வேண்டும். எம்-சீல் போன்ற எபாக்ஸியை உப்புத்தாளால் தேய்க்கும்போது முகமூடி கட்டாயம். நுரையீரலைக் கெடுத்துக்கொண்டு செய்யும் கலை எதுவும் இல்லை.

முகத்துக்கு மூன்று வழிகள் உண்டு. களிமண் முகம் என்றால் படத்துக்குப் படம் விரலாலேயே உதட்டை மாற்றலாம். அடுத்தது வாய்களையும் முகங்களையும் தனித்தனியாகச் செய்து மாற்றி மாற்றி ஒட்டுவது. அமெரிக்காவின் லைக்கா ஸ்டுடியோ 2009இல் வந்த தன் முதல் முழுநீளப் படத்துக்கு இந்த முகங்களை 3டி பிரிண்டரில் எடுத்தது. மூன்றாவது வழி உங்களுக்கு மிகவும் பிடிக்கும். இங்கிலாந்தில் மான்செஸ்டர் பக்கம் இருக்கும் மக்கினன் அண்ட் சாண்டர்ஸ் என்ற பொம்மைப் பட்டறை, தலைக்குள் கைக்கடிகாரம் போலப் பொடிப்பொடியான பல்சக்கரங்களை வைத்து, காதுத் துளையில் ஆலன் கீயை விட்டுத் திருகினால் உதடு மேலே போகும்படி செய்தது. அப்படி ஒரு தலையைக் கடைகிறவர் உலகத்தில் எங்கே இருந்தாலும் அவரைத் தேடி வருவார்கள்.

நம் ஊர்த் தட்பவெப்பம் பற்றி எந்தப் பாடத்திலும் வராது. பாலக்காட்டுக் கணவாய் வழியாக வரும் காற்று மார்கழி, தை மாதங்களில் தகர ஷெட்டையே ஆட்டும். முக்காலி நின்றாலும் அட்டையில் செய்த மரம் நிற்காது. படம் எடுக்கும் அறை, காற்று நுழையாத உள்ளறையாக இருக்கட்டும். ஃபேன் போடக் கூடாது. சித்திரை வெயிலில் எண்ணெய்க் களிமண் இளகிப் பொம்மை தானாகவே குனியும். அந்த மாதங்களில் களிமண் படத்தை ராத்திரியில் எடுக்கலாம், அல்லது அப்போது பட்டறை வேலையை மட்டும் வைத்துக்கொள்ளலாம். மழைக்காலத்தில் பிளாஸ்டர் அச்சு லேசில் உலராது. கையில் ஒட்டிய நிறம் வெள்ளையில் படியாமல் இருக்க, வெள்ளைக் களிமண்ணை எப்போதும் முதலில் பிசைய வேண்டும், கறுப்பையும் சிவப்பையும் கடைசியில்.

வெளிச்சம்தான் அடுத்த பாடு. எடுத்த படத்தை ஓட்டிப் பார்த்தால் வெளிச்சம் துடிக்கிறது என்று எல்லாப் புதியவர்களும் சொல்வார்கள். சாயங்காலம் ஊர் முழுக்க மோட்டார் ஓடும்போது வோல்டேஜ் இறங்கி ஏறுகிறது. சாதாரண பல்பு அதை அப்படியே காட்டிக்கொடுத்துவிடும். பேட்டரியில் ஓடும் டிசி எல்இடி விளக்கு வைத்தால் இந்தத் தொல்லை தீரும். ஜன்னலைக் கறுப்புத் துணியால் மூடிவிட வேண்டும். கேமராவில் ஆட்டோ என்று இருக்கிற எல்லாவற்றையும் அணைத்துவிட வேண்டும். அதன்பிறகும் துடித்தால் லென்ஸின் அப்பர்ச்சர், அதாவது வெளிச்சம் நுழையும் துளை, ஒவ்வொரு கிளிக்குக்கும் மூடித் திறப்பதுதான் காரணம். வளையத்தைக் கையால் திருகி வைக்கும் பழைய மேனுவல் லென்ஸ் ஒன்றை அடாப்டரோடு மாட்டினால் சரியாகிவிடும். அனிமேட்டர் அடர்நிறச் சட்டை போட்டுக்கொள்வதும் அவசியம். வெள்ளைச் சட்டை போட்டால் அவர் நிற்கும் இடத்தைப் பொறுத்துப் பொம்மையின் முகத்தில் வெளிச்சம் மாறும். ஸ்டுடியோக்களில் டிராகன்ஃப்ரேம் என்ற மென்பொருளைத்தான் பயன்படுத்துகிறார்கள். இப்போதைக்கு அவளுக்குப் போனில் இருக்கிற செயலியே தாராளம்.

வெளிநாட்டுப் பெயர்களையே சொல்லிக்கொண்டு போகிறேன், ஆனால் நாம் இருக்கும் மாவட்டத்தைப் பாருங்கள். பகவதி கோயில்களில் கூத்துக்கென்றே இருக்கும் கூத்துமாடங்களில் தை தொடங்கி வைகாசிக்குள் தோல்பாவைக்கூத்து நடக்கிறது. திரைக்குப் பின்னால் வரிசையாக 21 விளக்குகள், பாடுவது கம்பராமாயணம். மலையாள நாட்டுக் கோயிலில் தமிழ்ப் பாட்டை நெஞ்சில் ஏற்றிவைத்து, அதற்கு விளக்கமும் சொல்கிறார்கள் புலவர்கள். ஷொர்ணூர் பக்கத்தில் கூனத்தறை ராமச்சந்திரப் புலவருக்கு 2021இல் பத்மஸ்ரீ அறிவித்தார்கள். மகளைக் கூட்டிக்கொண்டு ஒரு ராத்திரி போய் உட்காருங்கள், முடிந்தால் மாடத்துக்குப் பின்னாலும் அனுமதி கேட்டுப் பாருங்கள். தோலில் பொத்தல்கள் எங்கே போட்டிருக்கிறார்கள், வெளிச்சம் அதன் வழியே எப்படி நகையாக மாறுகிறது, பாவையை ஒரு கையில் பிடித்து மறு கையால் மெல்லிய குச்சியில் அதன் கையை எவ்வளவு சிக்கனமாக அசைக்கிறார்கள் என்று அவள் கவனிக்கட்டும். ஒரே ஒரு கை அசைந்தாலே கோபமா கெஞ்சலா என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது. புது அனிமேட்டர்கள் எல்லோரும் செய்கிற தப்பு, எல்லா உறுப்பையும் ஒரே நேரத்தில் ஆட்டுவது. சும்மா நிற்கும் பொம்மை யோசிப்பது போலத் தெரியும் என்பதைக் கூத்துமாடத்தில் கற்கலாம்.

ஆந்திரப் பக்கம் போனால் நிம்மலகுண்டா என்ற ஊரின் தோலு பொம்மலாட்டம் உண்டு. அந்தப் பொம்மைகள் அளவில் பெரியவை, வண்ணம் ஊடுருவித் தெரிபவை, பல மூட்டுகளில் அசைபவை. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால், மூட்டின் எண்ணிக்கை கூடக் கூட நடிப்பு எப்படி மாறுகிறது என்பது விளங்கும்.

நிழல்பொம்மைக்கும் ஸ்டாப் மோஷனுக்கும் உறவு நெருக்கமானது. லோட்டே ரைனிகர் என்ற ஜெர்மன் பெண், அட்டையில் வெட்டி மூட்டு வைத்த நிழலுருவங்களைக் கண்ணாடி மேல் படுக்க வைத்து, கீழே வெளிச்சம் கொடுத்து, மேலிருந்து ஒவ்வொரு படமாக எடுத்து 1926இல் முழுநீளப் படமே செய்தார். இன்று நமக்குக் கிடைக்கும் முழுநீள அனிமேஷன் படங்களில் அதுதான் மிகப் பழையது. உங்கள் மகளின் முதல் முழுப் படமும் அப்படியே இருக்கலாம். ஒரு கண்ணாடி, டிரேஸிங் பேப்பர், கீழே ஒரு எல்இடி, கறுப்பு அட்டை, மூட்டுக்கு மெல்லிய கம்பி. விழுந்துவிடும் என்ற பயம் இல்லை, எடையைத் தாங்க வேண்டிய கட்டாயம் இல்லை. காலத்தை எப்படிப் பிரிப்பது என்பதை மட்டும் கற்க இதைவிட எளிய வழி கிடையாது. தமிழ்ப் பாட்டு ஒன்றை எடுத்துக்கொண்டு ஒரு நிமிடத்துக்குச் செய்யட்டும்.

சரி, படிப்பு. "அனிமேஷன் டிப்ளமோ" என்று பேனர் கட்டியிருக்கும் இடங்கள் பெரும்பாலும் கம்ப்யூட்டர் மென்பொருளைத்தான் கற்றுக்கொடுக்கும். அது வேறு தொழில், நல்ல தொழில்தான், ஆனால் இவள் கேட்பது அதுவல்ல. என் அபிப்பிராயத்தில் முதல் தேர்வு அகமதாபாத் என்ஐடி, அதாவது தேசிய வடிவமைப்பு நிறுவனம். அங்கே அனிமேஷன் ஃபிலிம் டிசைன் என்றே தனிப் படிப்பு இருக்கிறது, ஸ்டாப் மோஷன் செய்தவர்கள் பலர் அங்கிருந்து வந்தவர்கள். நுழைவுத் தேர்வின் இரண்டாம் கட்டத்தில் கையில் பொருளைக் கொடுத்து உருவம் செய்யச் சொல்வார்கள். பட்டறையில் வளர்ந்த பிள்ளைக்கு அது பலம். ஆனால் போட்டி கடுமை, கட்டணமும் அதிகம். கிடைக்கவில்லை என்றால் துவண்டுபோக ஒன்றுமில்லை. திருச்சூர் அரசு நுண்கலைக் கல்லூரியிலோ, சென்னை, கும்பகோணம் அரசு கவின்கலைக் கல்லூரிகளிலோ சிற்பம் எடுத்துப் படிக்கலாம். அச்செடுப்பது, வார்ப்பது, உடலின் எடை எந்தக் காலில் விழுகிறது என்று கண்ணால் அளப்பது எல்லாம் சிற்ப வகுப்பில் ஊறிவிடும். அசைக்கும் கலையைப் பிறகு வீட்டிலேயே பழகிக்கொள்ளலாம். என்ஐடி இல்லையென்றால் சிற்பப் படிப்பைத்தான் நான் மனதாரச் சிபாரிசு செய்வேன். மேற்படிப்பு வேண்டுமானால் சீட் (CEED) என்ற வடிவமைப்பு நுழைவுத் தேர்வு எழுதி மும்பை ஐஐடியின் வடிவமைப்புப் பள்ளியான ஐடிசிக்குப் போக வழி இருக்கிறது.

விடுமுறையில் வெள்ளினேழிக்குப் போய் கதகளிக் கோப்பு, அதாவது கிரீடமும் அணிகளும், செதுக்குவதைப் பார்க்கட்டும். குமிழ மரத்தில் செதுக்குகிறார்கள், லேசான மரம். பொம்மைத் தலை கனத்தால் கழுத்து மூட்டு நிற்காது என்பதால் நமக்கும் அந்த மரம் உபயோகப்படும்.

சம்பளம் பற்றி ஒளிக்காமல் சொல்கிறேன். மாதா மாதம் முதல் தேதி வரும் பணம் இதில் அநேகமாகக் கிடையாது. வேலை படத்துக்குப் படம் வரும். மும்பையில் விளம்பரப் பட வேலை இருக்கிறது, அங்கே இருக்கும் ஈக்ஸாரஸ் போன்ற சில ஸ்டுடியோக்கள் ஸ்டாப் மோஷனை விடாமல் செய்கின்றன. அகமதாபாத் என்ஐடியில் படித்த தீமந்த் வியாஸ் இங்கிலாந்தின் ஆர்ட்மன் ஸ்டுடியோவுக்கு வேலை செய்தவர், 2007இல் வந்த 'தாரே ஜமீன் பர்' படத்தின் களிமண் அனிமேஷனைச் செய்தவரும் அவர்தான். வெளிநாட்டு ஸ்டுடியோக்களிலும் வேலை ஒரு படம் முடியும் வரைதான், முடிந்ததும் ஆளுக்கொரு பக்கம் போய்விடுவார்கள், விசா சிக்கல் வேறு. ஆகவே ஆறு மாதச் செலவைக் கையில் வைத்துக்கொண்டுதான் இந்தத் தொழிலில் இறங்க வேண்டும். எந்த வேலைக்கும் முன்பணம் வாங்காமல் பொருள் வாங்கக் கூடாது. எத்தனை முறை இலவசமாக மாற்றித் தருவோம் என்பதையும் எழுதி வாங்கிக்கொள்ள வேண்டும். பொம்மை யாருக்குச் சொந்தம், படம் முடிந்தபின் வேலை கேட்டு அனுப்பும் நம் தொகுப்பில் அதன் படத்தைக் காட்டலாமா என்பதையும் முன்னாடியே பேசிவிட வேண்டும்.

வேலை கேட்டு அனுப்பும் தொகுப்பு ஒரு நிமிடத்துக்கு மேல் வேண்டாம். நன்றாக வந்த பத்து நொடி, சுமாரான மூன்று நிமிடத்தைவிட நல்லது. கனமான பெட்டியைத் தூக்கும் பொம்மை, ஒரு செய்தியைக் கேட்டு மனம் மாறும் முகம் என்று எடையும் நினைப்பும் தெரியும் துண்டுகளாக இருக்கட்டும். பொம்மை செய்பவராக விண்ணப்பித்தால் முடிந்த பொம்மையின் அழகான படம் மட்டும் போதாது. வெறும் எலும்புக்கூடு, அச்சு, தோல் போடுவதற்கு முன் இருந்த நிலை என்று ஒவ்வொரு கட்டத்தையும் படம் எடுத்து வைக்க வேண்டும். பட்டறைத் தலைவர்கள் முதலில் தேடுவது அந்தப் படங்களைத்தான். முடித்த குறும்படத்தைத் திருவனந்தபுரத்தில் கேரள சலச்சித்ர அகாதெமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழாவுக்கு அனுப்பலாம். அங்கே அனிமேஷனுக்கும் இடம் உண்டு, நம் மாநிலத்திலேயே இதைச் செய்பவர்களை நேரில் சந்திக்கவும் முடியும்.

என்ஐடி நுழைவுத் தேர்வுக்கு வழக்கமாக ஆண்டின் கடைசி மாதங்களில் விண்ணப்பம் வாங்குவார்கள். அதனால் இந்த ஓண விடுமுறைக்குள் நிழலுருவப் படம் ஒன்று முடியட்டும். கூடவே நீங்கள் இருவரும் சேர்ந்து ஒரே ஒரு தோள்மூட்டு கடையுங்கள். தகடு 2 மில்லிமீட்டர் போதும், உருண்டை 6 மில்லிமீட்டர். கையை நீட்டி வைத்து ராத்திரி தூங்கப் போங்கள். காலையில் அதே இடத்தில் நின்றால் அடுத்து கணுக்காலைச் செய்யலாம். இறங்கியிருந்தால் துளையின் விளிம்பைப் பாருங்கள், பிசிறு இருக்கும்.